படிவத்தில் இல்லாத தீவு

1

எங்கள் தீவுகள் எத்தனை என்று கேட்டால் ஆளுக்கு ஓர் எண்ணிக்கை சொல்வார்கள். சிலருக்கு ஏழு, சிலருக்கு எட்டு. சண்டை காரைநகரைப் பற்றித்தான் வரும். ஒரு காலத்தில் அதுவும் காரைதீவுதான். பொன்னாலைப் பக்கமிருந்து கடலுக்குக் குறுக்கே தாம்போதி போட்டார்கள், பிறகு பெயரையும் நகர் என்று மாற்றிக்கொண்டார்கள். அங்கே பிறந்த ஒருவரிடம் போய், நீங்களும் தீவார்தானே என்று கேட்டுப் பாருங்கள். முகம் போகிற போக்கைப் பார்க்கலாம்.

மற்றவற்றைப் பற்றிச் சண்டை இல்லை. யாழ்ப்பாணப் பட்டினத்தின் பண்ணைக் கரையிலிருந்து தாம்போதியில் போனால் முதலில் மண்டைதீவு, அடுத்தது வேலணை. வேலணை ஒரே தீவுதான் என்றாலும் அதற்குள்ளே ஊர்காவற்துறை, கரம்பன், சரவணை என்று ஊர்கள் உண்டு. ஊர்காவற்துறைக்காரர் தன்னை வேலணை என்று ஒருநாளும் சொல்லமாட்டார். அதற்கப்பால் பாலம் தாண்டினால் புங்குடுதீவு. அதோடு பஸ் போகிற பாதை முடிந்துவிடும். நயினாதீவு, நெடுந்தீவு, எழுவைதீவு, அனலைதீவு நான்குக்கும் வள்ளமோ லோஞ்சோதான். அரசாங்கம் வேறு தன் பங்குக்கு இவற்றைப் பிரித்து வைத்திருக்கிறது. அனலைதீவுக் கரையில் நின்றால் நயினாதீவு கண்ணுக்குத் தெரியும். ஆனால் அரசாங்க அலுவலுக்கு எங்களுக்குக் கந்தோர் ஊர்காவற்துறையில், அவர்களுக்கு வேலணையில்.

பஸ்ஸில் போகிற தீவார் வள்ளத்தில் வருகிற தீவாரைப் பார்த்து ஒரு சிரிப்புச் சிரிப்பார்கள். பட்டினத்தார் இரண்டு பேரையும் பார்த்து அதே சிரிப்பைச் சிரிப்பார்கள். நான் வள்ளத்தில் வந்தவள். அனலைதீவு.

இந்தச் சொல்லை நான் கையால் எழுதுவதே குறைவு. இங்கே ரொறன்ரோவில் வாராவாரம் வருகிற தமிழ்ப் பத்திரிகைகளுக்கு இதை அனுப்பவில்லை. கடல் தாண்டி இருக்கிற உங்கள் பத்திரிகைக்கு அனுப்புகிறேன். நீங்கள் வாசித்தால் எனக்கு ஒன்றுமில்லை. இங்கே வாசித்தால் அடுத்த ஞாயிற்றுக்கிழமைக்குள் என் புருசன் பக்கத்து மச்சாளுக்குப் போய்விடும்.

2

தொண்ணூற்று மூன்று மாசியில் குடிவரவுக் கந்தோரிலிருந்து ஒரு கடிதம் வந்தது. அப்போது நாங்கள் ரெக்ஸ்டேலில் பத்தாம் மாடியில் இருந்தோம். கடித உறையில் எற்றோபிக்கோ என்றுதான் வரும். அது தனி மாநகரசபை. ஊருக்கு எழுதும்போது மட்டும் எல்லோரும் ரொறன்ரோ என்று எழுதுவோம்.

விமான நிலையத்துக்குப் பக்கத்தில் ஒரு ஹோட்டலில் துணி தோய்க்கும் பகுதியில் எனக்கு வேலை. காலை ஏழு மணிக்கு நின்றால் மூன்றரை வரைக்கும் விரிப்புகள்தான். மெசினிலிருந்து சூடாக வரும். இரண்டு பேர் எதிரெதிரே நின்று நாலு மூலையையும் பிடித்து மடிக்கவேண்டும். என் எதிரே நிற்பவள் போலந்துக்காரி. நாலு வருசத்தில் நானும் அவளும் கதைத்ததை ஒரு பக்கத்தில் எழுதிவிடலாம். அது எனக்கு வசதியாக இருந்தது. நான் எந்த ஊர் என்று அவள் கேட்டதே இல்லை.

கடிதம் ஐயாவைப் பற்றியது. அவரை இங்கே எடுப்பதற்கு ஸ்பொன்சர் பண்ணி ஒரு வருசமாகியிருந்தது. அம்மா எனக்குக் கலியாணமாக முதலே செத்துப்போய்விட்டா. கடற்படை தீவுகளைப் பிடித்தபோது சனம் வள்ளம் வள்ளமாக ஏறிக் குடாநாட்டுக்கு இடம்பெயர்ந்தது. ஐயா போகவில்லை. புகையிலைக் கன்று நட்டு ஒரு கிழமைதான், அதுக்கு ஆர் தண்ணி ஊத்துறது என்று கேட்டாராம். பக்கத்து வீடுகள் எல்லாம் பூட்டிக் கிடக்க அவர் மட்டும் ஓலைப் பட்டையால் கிணற்றுத் தண்ணீர் இறைத்துக்கொண்டு இருந்திருக்கிறார்.

அதன்பிறகு தீவுகள் கடற்படையிடம், பட்டினம் புலிகள் இயக்கத்திடம். முன்பு காலையில் லோஞ்ச் ஏறினால் பட்டினத்துச் சந்தையில் சாமான் வாங்கிக்கொண்டு மாலையில் வீட்டுக்கு வந்துவிடலாம். இப்போது அதே இடத்துக்குப் போக பாஸ் எடுத்து, கப்பலில் திருகோணமலை போய், வவுனியாவால் சுற்றி, கிளாலிக் கடலைத் தாண்டவேண்டும். போகிற ஆளும் இல்லை.

கடிதத்தில் இருந்தது இதுதான். எண்பத்தேழாம் ஆண்டு நான் அகதியாகப் பதிந்தபோது கொடுத்த படிவத்தில், என் தகப்பனார் வண்ணார்பண்ணையில் பிறந்து வண்ணார்பண்ணையில் வசிப்பவர் என்று எழுதியிருக்கிறேன். நானும் அங்கேயே பிறந்ததாக எழுதியிருக்கிறேன். இப்போது அனலைதீவில் பிறந்து அனலைதீவில் வசிக்கும் ஒருவரைத் தகப்பன் என்று கூப்பிடுகிறேன். இரண்டு பேரும் ஒருவர்தானா என்று விளக்க வேண்டும். சுருக்கமாகச் சொன்னால், இந்த மனிதர் உன் தகப்பன்தானா என்று கேட்டிருந்தார்கள்.

நடந்ததை ஒளிக்காமல் சொல்கிறேன். பத்து வயதில் ஐயா என்னைப் படிக்கவென்று வண்ணார்பண்ணையில் இருந்த பெரியம்மா வீட்டில் கொண்டுவந்து விட்டார். பெரியம்மாவே கலியாணமும் பேசினா. புரோக்கர் மாப்பிள்ளை வீட்டாருக்கு, பொம்பிளை வண்ணார்பண்ணை என்றார். மாப்பிள்ளை கொக்குவில். தீவு என்று தெரிந்தால் சரிவராது என்று பெரியம்மா ஐயாவிடம் சொன்னபோது, ஐயா, பிள்ளை நல்லாய் இருந்தால் எனக்கு அது காணும் என்றாராம். கலியாணத்துக்கு வேட்டி சால்வையோடு வந்து, அதிகம் வாய் திறக்காமல் நின்றுவிட்டுப் போனார். கலியாண எழுத்து முடிந்த கிழமையே இவருக்கு, என் மனுசனுக்கு, நான் உண்மையைச் சொல்லிவிட்டேன். இவர் கோபிக்கவில்லை. வீட்டில ஒருத்தருக்கும் சொல்லாதையும் என்றார், அவ்வளவுதான்.

இங்கே வந்து சட்டத்தரணியின் கந்தோரில் படிவம் நிரப்பும்போது, பிறந்த இடம் என்று கேட்டார்கள். நான் மூச்சு எடுப்பதற்குள் இவர் வண்ணார்பண்ணை என்றார். தகப்பன் பிறந்த இடம் என்றார்கள். அதற்கு இவர் பதில் சொல்லவில்லை. நான்தான் சொன்னேன். வண்ணார்பண்ணை.

என்னைத் தவிர வேறு யாரையும் குற்றம் சொல்ல முடியாது என்பதற்காகத்தான் இதை எழுதுகிறேன்.

இவர் கடிதத்தை இரண்டு தரம் வாசித்தார். ஐயா சண்டைக்குள்ள இடம்பெயர்ந்து தீவுக்குப் போனவர் எண்டு சொல்லும் என்றார்.

"அந்தப் பக்கத்துக்கு ஒருத்தரும் இடம்பெயரேல்லை, அங்கயிருந்துதான் வந்தவை," என்றேன்.

இவர் யோசித்துவிட்டு, அதுவும் சரிதான் என்று சொல்லி வேலைக்குப் போய்விட்டார்.

3

சித்திரையில் நேர்முகத்துக்குக் கூப்பிட்டார்கள். மொழிபெயர்ப்பாளர் கழுத்துப்பட்டி கட்டிய ஒரு தமிழர், ஐம்பது வயதிருக்கும். வெளியே கதிரையில் இருந்த ஐந்து நிமிசத்துக்குள் மார்க்கம் என்ற புறநகரில் வீடு வாங்கியிருப்பதையும், அங்கே கார் இல்லாமல் ஒரு பால் பெட்டியும் வாங்க முடியாது என்பதையும் சொல்லிவிட்டார். அடுத்து, தங்கச்சி ஊரில எவடம் என்று கேட்டார். நல்லகாலம், என் பெயரைக் கூப்பிட்டார்கள்.

அதிகாரி ஒரு பெண். என் கோப்பு அவளுக்கு முன்னால் விரிந்து கிடந்தது. ஆறு வருசத்துக்கு முந்திய என் கையெழுத்து தெரிந்தது. அவள் தனியே கேட்டிருந்தால் நான் என் ஆங்கிலத்திலேயே சொல்லியிருப்பேன். அவளுக்கு முன்னால் எனக்கு வெட்கம் இல்லை. வண்ணார்பண்ணையும் அனலைதீவும் அவளுக்கு ஒன்றுதான். கழுத்துப்பட்டி கட்டியவருக்கு முன்னால் அதைச் சொல்லவேண்டியிருந்ததுதான் எனக்கு ஏலாமல் இருந்தது.

இலங்கையே தீவுதானே, நீ எந்தத் தீவைச் சொல்கிறாய் என்று அவள் கேட்டாள். தீவுக்குப் பக்கத்தில் தீவு என்றேன். அவளுக்கு விளங்கவில்லை. ஒரு மஞ்சள் தாளைத் திருப்பிப் போட்டுப் பேனையைத் தந்து, கீறு என்றாள்.

கீறினேன். முதலில் பண்ணை. தாம்போதிக்கு இரண்டு கோடு, வள்ளம் போகிற இடத்துக்குப் புள்ளிகள். மண்டைதீவு, வேலணை, புங்குடுதீவு. மேலே காரைநகர். மேற்கே கடலுக்குள் நயினாதீவு, அனலைதீவு, எழுவைதீவு. கீழே தள்ளி நெடுந்தீவு. பள்ளிக்கூடத்தில் படம் கீறச் சொன்னால் நான் ஒருநாளும் இப்படிக் கீறியதில்லை. கை தானாகப் போனது.

எது யாருடைய கட்டுப்பாட்டில் என்று கேட்டாள். தீவுகள் எல்லாவற்றையும் சுற்றிக் காட்டினேன், கடற்படை. பண்ணையிலிருந்து இந்தப் பக்கம் இயக்கம். எல்லை எங்கே போகிறது, கோடு போடு என்றாள். கடலில் எப்படிக் கோடு போடுவதென்று எனக்குத் தெரியவில்லை. பண்ணைக்கும் மண்டைதீவுக்கும் நடுவே ஒன்றை இழுத்தேன். கோட்டுக்கு ஒரு பக்கம் நான் படிவத்தில் எழுதிய தகப்பன் இருந்தார். மற்றப் பக்கம் உண்மையான தகப்பன் இருந்தார்.

அவள் அந்தத் தாளைப் பார்த்துக்கொண்டே, சரி, ஏன் மாற்றி எழுதினாய் என்றாள்.

நான் தமிழில் சொன்னேன். "எங்கட பக்கத்தில தீவார் எண்டால் ஒருமாதிரித்தான் பாப்பினம். கலியாணத்துக்கு மறைச்சது. பிறகு இஞ்ச வந்தும் அப்பிடியே சொல்லிப்போட்டம்."

மொழிபெயர்ப்பாளர் கழுத்துப்பட்டியைச் சரிசெய்தார். சமூகக் காரணங்கள் என்று இரண்டே ஆங்கிலச் சொல்லில் முடித்தார். அந்தளவு ஆங்கிலம் எனக்கும் தெரியும். அதிகாரிக்கும் அது காணாது போலிருந்தது. யார் யாரை ஒருமாதிரிப் பார்ப்பார்கள் என்று கேட்டாள். அவர் என்னைப் பார்த்தார். நான் அவரைப் பார்த்தேன். பட்டினத்தவர்கள் தீவார்களை என்று சொன்னார். நீங்கள் எந்தப் பக்கம் என்று அவள் அவரைச் சும்மா கேட்டாள். பட்டினம் என்றார். அவள் ஏதோ எழுதிக்கொண்டாள்.

நடந்ததை எல்லாம் சத்தியக்கடதாசியாக எழுதித் தரவேண்டும் என்றாள். கொழும்பில் தூதரகத்தில் தகப்பனையும் இதே கேள்வி கேட்பார்கள், இரண்டு பதிலும் ஒத்துப்போக வேண்டும் என்றும் சொன்னாள்.

வெளியே வந்து லிஃப்டுக்கு நிற்கும்போது மொழிபெயர்ப்பாளர் பின்னால் வந்தார். சுற்றிப் பார்த்துவிட்டுக் குரலைத் தணித்தார்.

"தங்கச்சி, என்ர மனிசியும் வேலணைதான். ஆருக்கும் சொல்லிப்போடாதையுங்கோ."

எனக்குச் சிரிப்பு வந்திருக்கவேண்டும். வரவில்லை. ஓம் அண்ணை என்றேன். வீட்டுக்குப் போக இரண்டு பஸ் மாறவேண்டும். இரண்டாவது பஸ்ஸைத் தவறவிட்டுவிட்டு அடுத்தது வரும்வரை நின்றேன். ஒன்றும் நினைக்கவில்லை. இங்கு வந்தபிறகு எனக்கு வந்திருக்கிற நோய் இதுதான் என்று நினைக்கிறேன். கையில் சூடு பட்டாலும் கொஞ்சம் பொறுத்துத்தான் தெரிகிறது. விரிப்பு மடித்து மடித்துத் தோல் தடித்துப்போனது கைக்கு மட்டும் இல்லை.

4

சத்தியக்கடதாசியைச் சட்டத்தரணியின் கந்தோரில் ஆங்கிலத்தில் டைப் அடித்துத் தந்தார்கள். அதைச் சாப்பாட்டு மேசையில் வைத்திருந்தபோது மகள் எடுத்து முதல் பக்கத்தை வாசித்துவிட்டாள். தர்ஷினிக்கு அப்போது ஒன்பது வயது, இரண்டரை வயதில் இங்கே வந்தவள். தமிழில் கேட்டால் ஆங்கிலத்தில் பதில் சொல்லுவாள், ஆங்கிலத்தில் கேட்டால் பதிலே சொல்லமாட்டாள். அன்றைக்கு அவளாக வந்து, "அம்மா, நீங்க ஐலண்ட்லயா பிறந்தனீங்க? கூல்," என்றாள்.

எங்கள் ஊரைப் பற்றி இப்படி ஒரு சொல்லை நான் கேட்டது அதுதான் முதல்முறை. அவளுக்குத் தீவு என்றால் விளம்பரத்தில் வருகிற நீலக் கடலும் சாய்கதிரையும். பிறகு அவள், "தென் வை டிட் யூ ஹைட் இட்?" என்றாள். அதிகாரிக்குச் சொன்ன பதிலை அவளுக்கும் சொல்லியிருக்கலாம். சொன்னால், அவளும் அந்தச் சிரிப்பைப் பழகிக்கொள்வாளோ என்று பயந்தேன். போய் ஹோம்வேர்க் செய் என்றேன்.

இனி ஐயாவுக்கு எழுதவேண்டும். பொய் சொல்லி ஆறு வருசம், ஐயாவுக்கு அது தெரியாது. கலியாணத்துக்காகச் சொன்னது அவருக்குத் தெரியும். அரசாங்கப் படிவத்தில் அவரையே பிறந்த ஊரிலிருந்து தூக்கி வேறிடத்தில் வைத்தது தெரியாது.

மூன்று தரம் எழுதிக் கிழித்தேன். கடைசியில் எழுதியது இப்படி: ஐயா, நான் வந்த புதிதில் உங்களை வண்ணார்பண்ணை என்று எழுதிவிட்டேன். கொழும்பில் கேட்பார்கள். நீங்கள் ஒன்றையும் மறைக்காமல் உள்ளபடி சொல்லுங்கள். நானும் இங்கே உள்ளபடி எழுதிக் கொடுத்துவிட்டேன்.

அதோடு நிறுத்தியிருக்கலாம். கீழே இன்னொரு வரி எழுதினேன். இங்கே எங்கட ஆக்களுக்கு இன்னும் தெரியாது.

ஏன் எழுதினேன் என்று பலமுறை கேட்டுப் பார்த்திருக்கிறேன். மச்சாளை நினைத்து எழுதினேன், மகளுக்கு நாளைக்கு ஒரு கலியாணம் வரும் என்று நினைத்து எழுதினேன். உண்மையில் பழக்கத்தில்தான் எழுதினேன். கை தானாகப் போனது. உறையை ஒட்டியபிறகு, அந்த வரியை வெட்டியிருக்கலாமே என்று நினைத்தேன். அதைத் திறக்க எழும்பவில்லை.

கடிதம் கொழும்பில் ஒருவர் கைக்குப் போய், அங்கிருந்து ஊர்காவற்துறைக்குப் போகும் ஒருவர் கைக்கு மாறி, லோஞ்சில் அனலைதீவுக்குப் போய்ச் சேர்ந்தது. பதில் வர நாலு மாதம். கொப்பித் தாளில் நாலே வரி.

"உன் கடிதம் கிடைத்தது. விபரம் விளங்கியது. கந்தோரில் கேட்டால் உள்ளதைச் சொல்கிறேன். மற்றதைப் பற்றி நீ யோசிக்காதே. புகையிலை இம்முறை பரவாயில்லை."

ஒரு கோபமும் இல்லை. கோபம் இருந்திருந்தால் எனக்குச் சுகமாக இருந்திருக்கும். மற்றது என்று எதைச் சொல்கிறார் என்று எனக்கு அப்போது விளங்கவில்லை. விசா கிடைத்தால் காணும் என்று இருந்தேன்.

5

தொண்ணூற்று நாலு ஆவணியில் ஐயா வந்தார். எழுபத்திரண்டு வயது. பாஸ், கப்பல், கொழும்பில் மூன்று மாதம், நேர்முகம், மருத்துவப் பரிசோதனை எல்லாம் தாண்டி வந்தவர். விமான நிலையத்தில் ஒரு சின்னப் பையோடு, நடந்து களைத்தவர் மாதிரி இல்லாமல் நின்றார். என் தலையில் கையை வைத்தார். நான் அழவில்லை. இவர்தான் அழுதார்.

கொழும்பில் என்ன கேட்டார்கள் என்றேன். மகள் ஏன் மாத்தி எழுதினவ எண்டு கேட்டவங்கள், நல்லதுக்குத்தான் எழுதியிருப்பா எண்டு சொன்னன் என்றார். அதற்குமேல் அந்தப் பேச்சை அவரும் எடுக்கவில்லை, நானும் எடுக்கவில்லை.

இவர் ஐயாவை நன்றாகத்தான் பார்த்தார். சப்பாத்து வாங்கிக் கொடுத்தார், காலையில் கூட்டிக்கொண்டு நடந்தார். நான் வேலைக்குப் போகும்போது ஐயா பல்கனியில் நின்று கீழே பார்த்துக்கொண்டிருப்பார். வரும்போதும் அங்கேதான் நிற்பார். தர்ஷினி அவரிடம் ஆங்கிலத்தில் ஏதேதோ சொல்வாள். அவர் எல்லாவற்றுக்கும் ஓம் என்பார். ஒருநாள் அவளுக்குத் தாளில் தீவுகளைக் கீறிக் காட்டினார். ஐயாவின் கீறலில் அனலைதீவுதான் எல்லாவற்றிலும் பெரிது. வேலணை அதில் பாதிகூட இல்லை.

மூன்றாவது கிழமை றிச்மண்ட் ஹில் கோயிலுக்குப் போனோம். மச்சாள் குடும்பமும் வந்திருந்தது. பூசை முடிந்து அன்னதானத்துக்கு மண்டபத்தில் இருந்தபோது, இவருடைய சித்தப்பா ஒருவர் ஐயாவுக்குப் பக்கத்துக் கதிரையில் வந்து இருந்தார். கொக்குவில்காரர், பழைய ஆசிரியர், ஆட்களை விசாரிப்பதில் களைப்பே இல்லாதவர். நான் சோற்றுத் தட்டோடு இரண்டடி தள்ளி நின்றேன்.

"ஐயா ஊரில எவடம்?"

ஐயா சோற்றைப் பிசைவதை நிறுத்தவில்லை. "வண்ணார்பண்ணை. சிவன் கோயிலுக்குப் பின்னால," என்றார்.

எந்த ஒழுங்கை என்று சித்தப்பா கேட்டார். ஐயா ஒழுங்கையின் பெயரைச் சொன்னார். மூலையில் ஒரு தேத்தண்ணிக் கடை, அதற்கு மூன்றாம் வீடு என்றார். அது பெரியம்மா வீடு. என்னைக் கொண்டுவந்து விட்ட அன்றும் கலியாணத்துக்கும் தவிர, அந்த வீட்டில் அவர் ஓர் இரவுகூடத் தங்கியதில்லை. லோஞ்சைப் பிடிக்கவேண்டும் என்று எழும்பிப் போய்விடுவார். அந்தத் தேத்தண்ணிக் கடையை அவர் எப்போது பார்த்து வைத்தார் என்று எனக்குத் தெரியாது.

சித்தப்பா தலையாட்டினார். "ஆனால் கதைக்கிற விதம் தீவுப்பக்கத்து ஆக்கள் மாதிரிக் கிடக்கு."

இவர் நிலத்தைப் பார்த்தார். மச்சாள் நிமிர்ந்து பார்த்தா. ஐயா தண்ணீர் ஒரு மிடறு குடித்தார்.

"அங்க புகையிலை வாங்கப் போய்வாறனான். கனகாலம். அதில ஒட்டியிருக்கும்," என்றார்.

எழுபத்திரண்டு வருசத்தை ஒரு வியாபாரப் பயணமாக்கிச் சொல்லிவிட்டு, பருப்புக் கறி நல்லாயிருக்கு என்று சித்தப்பாவைப் பார்த்துச் சிரித்தார். அவருக்கும் திருப்தி. அடுத்த ஆளை விசாரிக்கப் போய்விட்டார். எனக்கு வாய் இருந்தது. ஐயா அனலைதீவு என்று சொல்ல இரண்டு சொல் காணும். ஒரு வெள்ளைக்காரிக்கு முன்னால் படம் கீறிச் சொன்னவள் நான். அன்றைக்கு அந்த மண்டபத்தில் தட்டைப் பிடித்துக்கொண்டு நின்றேன்.

திரும்பும்போது ஐயாவும் நானும் காரில் பின்னால் இருந்தோம். தர்ஷினி முன்னால் காதில் வயரைச் செருகிப் பாட்டுக் கேட்டுக்கொண்டிருந்தாள். நெடுஞ்சாலைக்கு ஏறியபிறகு ஐயா என் பக்கம் சரிந்தார்.

"சரியாச் சொன்னனே, பிள்ளை?" என்று மெல்லக் கேட்டார்.

"ஓம் ஐயா," என்றேன். "சரியாத்தான் சொன்னியள்."